ரோம் ஊரின் ஆரஞ்சு கார்

"ஒரே பக்கமா சுத்திச் சுத்தி வர்றாங்க, இதுல என்னங் மாமா இருக்குது?" என்று அக்கா மகன் கேட்டான். கையில் கைபேசி, அதில் அமெரிக்க ஸ்டாக் கார் பந்தயம். கோயம்புத்தூர்ப் பையன். செட்டிபாளையம் கரி மோட்டார் ஸ்பீட்வேயில் வலமும் இடமுமாக வளைந்து போகும் பந்தயங்களைப் பார்த்து வளர்ந்தவன். நீள்வட்டப் பாதையில் இடப்பக்கம் மட்டுமே திரும்பிக்கொண்டிருப்பது அவனுக்குச் சப்பென்று இருந்ததில் வியப்பில்லை. அவனுக்குச் சொன்னதைத்தான் கொஞ்சம் ஒழுங்குபடுத்தி இங்கே எழுதுகிறேன். நீங்களும் ஒரு டீ சொல்லிவிட்டு உட்காருங்கள்.

முதலில் அந்த 'ஒரே பக்கம்' எப்படி நடக்கிறது என்று பார்த்துவிடுவோம். டீ குடித்து முடித்த கண்ணாடி கிளாஸை மேசையில் படுக்க வைத்து உருட்டுங்கள். நேராக ஓடாது. வாய் அகலம், அடி குறுகல் என்பதால் அடிப்பக்கமாகவே வளைந்து திரும்பும். இந்தப் பந்தயக் காரின் பின்சக்கரங்கள் இரண்டும் அப்படித்தான் வேலை செய்கின்றன. வலப்பக்கப் பின் டயரின் சுற்றளவு இடப்பக்க டயரைவிடச் சில அங்குலம் அதிகம். இரண்டும் ஒரே அச்சில் பூட்டப்பட்டு ஒன்றாகவே சுற்றுவதால், கார் தானாக இடப்பக்கம் வளையப் பார்க்கும். இந்த வித்தியாசத்தை 'ஸ்டாகர்' என்பார்கள். கார்களைச் சரிபார்க்கும் 'பிட்' பகுதியில் ஆள் ஒருவர் குனிந்து ஒவ்வொரு டயரையும் அளவு நாடாவால் சுற்றி அளந்து, ரப்பர் மேலேயே சாக்பீஸில் எண்ணை எழுதிக்கொண்டிருப்பதைப் பார்க்கலாம். கால் அங்குலத்துக்காகச் சண்டையே நடக்கும். வளைவுக்கு உதவும் அதே வித்தியாசம் நேர்ப்பாதையில் தொல்லை. அங்கே காரை நேராக ஓட்ட ஸ்டியரிங்கை லேசாக வலப்பக்கம் பிடித்துக்கொண்டே போக வேண்டும்.

அதற்கு மேல் எடைக் கணக்கு ஒன்று இருக்கிறது. நான்கு சக்கரங்களில் எதன்மேல் எவ்வளவு பாரம் என்பதை ஸ்பிரிங் திருகாணியில் அரைச் சுற்று, கால் சுற்று என்று மாற்றுவார்கள். வளைவில் பின்பக்கம் வெளியே சறுக்கினால் கார் 'லூஸ்'. மூக்கு திரும்ப மறுத்துச் சுவரைப் பார்த்துப் போனால் 'டைட்'. பெட்ரோல் குறையக் குறைய, டயர் சூடாகச் சூடாக, இந்தக் குணமும் மாறிக்கொண்டே போகும். மாலையில் தரை குளிர்ந்தால் மறுபடி மாறும். முதல் சுற்றில் பறக்கும் கார் ஐம்பதாவது சுற்றில் மக்கர் செய்யும். ஐம்பதாவது சுற்றில் கார் எப்படி இருக்கும் என்று மதியமே ஊகித்து அமைப்பவன்தான் ஜெயிப்பான். சுற்றிச் சுற்றி வருவதில் என்ன இருக்கிறது என்ற கேள்விக்குப் பாதிப் பதில் இதிலேயே வந்துவிட்டது.

ஒரு மைலுக்குக் குறைந்த நீளமுள்ள பாதைக்கு ஷார்ட் டிராக் என்று பெயர். வட கரோலினாவின் வின்ஸ்டன்-சேலத்தில் உள்ள போமன் கிரே ஸ்டேடியத்தில் கால்பந்து மைதானத்தைச் சுற்றியே கால் மைல் பாதை போட்டிருக்கிறார்கள். ஸ்டாக் கார் பந்தயங்களை நடத்தும் நாஸ்கார் அமைப்பின் பந்தயம் 1949 முதல் நடக்கிற இடம் அது. இத்தகைய சின்னப் பாதைகள் அமெரிக்கா முழுக்க உண்டு. வெள்ளி, சனி இரவுகளில் விளக்கு போட்டுப் பந்தயம் விடுவார்கள். முதலில் சில சுற்றுகளில் முடிகிற தகுதிப் பந்தயங்கள், கடைசியில் 'ஃபீச்சர்' என்கிற முதன்மைப் பந்தயம். பல ஊர்களில் நன்றாக ஓட்டுகிறவனைக் கடைசி வரிசையில் நிறுத்துவார்கள். திறமைக்குத் தண்டனை மாதிரித் தெரியும். ஆனால் அவன் இருபது கார்களைத் தாண்டி முன்னால் வருவதைப் பார்க்கத்தானே ஜனம் டிக்கெட் வாங்குகிறது!

மருமகன் கேள்விக்கு மீதிப் பதில், இந்தச் சின்னப் பாதைகளில் ஓட்டிய ஓர் ஆள். இப்போது அவருக்கு வருகிறேன். நியூயார்க் மாநிலத்தின் நடுவே ரோம் என்று ஓர் ஊர். போப்பாண்டவர் ஊர் இல்லை. செம்பு ஆலைகளும் ஒரு விமானப்படைத் தளமும் இருந்த தொழில் நகரம். 1941-ல் பிறந்த ரிச்சி எவன்ஸ் அந்தப் பக்கத்து விவசாயக் குடும்பத்துப் பிள்ளை. 16 வயதில் பண்ணையை விட்டு ஒரு கராஜில் வேலைக்குச் சேர்ந்தார். தெருவில் பந்தயம் ஓட்டினார். பிறகு நேர்ப்பாதையில் விடும் டிராக் (drag) ரேஸில் ஜெயித்துக்கொண்டிருந்தார். பக்கத்திலேயே யுடிகா-ரோம் ஸ்பீட்வே இருக்கிறதே, அதற்கு ஒரு கார் கட்டிப் பாரேன் என்று தெரிந்தவர் ஒருவர் சொல்ல, 1962-ல் 1954 மாடல் ஃபோர்டு ஒன்றைத் தயார் செய்து இறங்கினார். காரின் எண் 'பிடி-109'. இரண்டாம் உலகப் போரில் ஜான் கென்னடி ஓட்டிய டார்பிடோ படகின் எண் அது. கென்னடி அப்போது ஜனாதிபதி. இருபது வயதுப் பையனின் குறும்பு.

1965-ல் மாடிஃபைட் வகைக்கு ஏறினார். இந்த வகையைப் பற்றிக் கொஞ்சம் சொல்லியாக வேண்டும். நாஸ்காரில் இதுதான் மூத்த பிள்ளை. 1948 பிப்ரவரியில் டேடோனா கடற்கரையில் நாஸ்கார் நடத்திய முதல் பந்தயமே மாடிஃபைட் பந்தயம்தான். ரெட் பைரன் ஜெயித்தார். இன்று டிவியில் எல்லோரும் பார்க்கிற கப் தொடரின் மூதாதை அடுத்த வருடம்தான் பிறந்தது. மாடிஃபைட் கார் பார்க்கக் கொஞ்சம் கோமாளித்தனமாக இருக்கும். நான்கு அகலமான சக்கரங்களும் உடம்புக்கு வெளியே துருத்திக்கொண்டு நிற்கும். நடுவே 1930-களின் பழைய கூபே உடம்பு. எழுபதுகளில் அதற்குப் பதிலாக ஃபோர்டு பின்டோ, செவர்லே வேகா போன்ற சின்னக் கார்களின் தகடு. உள்ளே இருப்பதோ பெரிய வி-8 இன்ஜின். எடை குறைவு, பலம் அதிகம், டயர் அகலம். ஷார்ட் டிராக்கில் இதைவிட வேகமான ஸ்டாக் கார் கிடையாது என்று அதன் ரசிகர்கள் அடித்துச் சொல்வார்கள். எனக்கும் அதில் மறுப்பில்லை.

அந்த முதல் மாடிஃபைட் வருடத்தில், பருவத்தின் கடைசி இரவில்தான் எவன்ஸுக்கு முதல் வெற்றி கிடைத்தது. அதற்கப்புறம் நிற்கவில்லை. கியூபெக்கிலிருந்து ஃபுளோரிடா வரை 400-க்கும் மேற்பட்ட ஃபீச்சர் பந்தயங்களில் ஜெயித்தார். பளிச்சென்ற ஆரஞ்சு நிறக் கார், எண் 61. ஜனம் வைத்த பெயர் 'ரேபிட் ரோமன்', அதாவது வேகக்கார ரோமன்.

கதையின் ருசி அவருடைய போட்டியாளரில் இருக்கிறது. ஜெர்ரி குக் என்பவர். அவரும் அதே ரோம் ஊர்தான். 1971, 1972 இரண்டு வருடமும் தேசிய மாடிஃபைட் பட்டம் குக்குக்கு. 1973-ல் எவன்ஸ். மறுபடி 1974 முதல் 1977 வரை குக். 1978 முதல் 1985 வரை எவன்ஸ். குக் ஆறு, எவன்ஸ் ஒன்பது. பதினைந்து வருடம் தேசியப் பட்டம் ஒரே ஊரைவிட்டு வெளியே போகவில்லை! ஒரே ஊர்க்காரர்கள் இருவர், அவரவர் கராஜில் இரவெல்லாம் வெல்டிங் வைத்துக்கொண்டு, ஒருவரையொருவர் தூங்கவிடாமல் வைத்திருந்தார்கள். எவன்ஸ் இத்தனை பட்டம் வென்றதில் குக்குக்கும் பங்கு உண்டு என்பேன்.

அந்தப் பட்டம் வாங்கிய முறைதான் வட்டார ஓட்டுநரின் தொழிலை நமக்குப் புரிய வைக்கிறது. இன்றைய தொடர்களில் வருடத்துக்கு இத்தனை பந்தயம், இன்ன தேதி என்று அட்டவணை உண்டு. அன்று அப்படி இல்லை. நாஸ்கார் அங்கீகரித்த பாதைகளில் எங்கே ஓட்டினாலும் புள்ளி சேரும். பெரிய பந்தயத்துக்கு அதிகம், வாராந்தரப் பந்தயத்துக்குக் குறைவு. ஆகவே அதிகம் ஓடுகிறவனுக்கே பட்டம். வெள்ளி இரவு கனெக்டிகட் மாநிலத்தின் ஸ்டாஃபர்டில் அரை மைல் பாதை, சனிக்கிழமை நியூயார்க்கில் இன்னொன்று, ஞாயிறு வேறொன்று. இடையிடையே ஏறத்தாழ ஆயிரம் கிலோமீட்டர் தெற்கே வர்ஜீனியாவின் மார்ட்டின்ஸ்வில். காரை டிரக்கில் ஏற்றிக்கொண்டு, முறை போட்டு ஓட்டிக்கொண்டு போவார்கள். வெள்ளி இரவு சுவரில் இடித்துவிட்டால் சனி மதியத்துக்குள் நிமிர்த்தியாக வேண்டும். குக் இந்தக் கணக்கில் பெரிய கெட்டிக்காரர். வாழ்நாளில் 1,474 மாடிஃபைட் பந்தயங்கள், 342 வெற்றிகள். ஜெயிக்காத இரவிலும் காரை முழுசாக வீட்டுக்குக் கொண்டுவந்து புள்ளி சேர்க்கிற ஆள்.

எவன்ஸின் வழி வேறு. 1979-ம் வருடத்தை எடுத்துக்கொள்ளுங்கள். தேசியப் பட்டத்துக்கான 60 பந்தயங்களில் 37-ல் முதலிடம், 54-ல் முதல் ஐந்துக்குள். வேறு எந்த ஸ்டாக் கார் தொடரிலும் இதற்கு இணையான வருடத்தைத் தேடிப் பிடிப்பது சிரமம்.

இங்கேதான் மருமகன் குறுக்கே விழுந்தான். "அவ்வளவு பெரிய ஆளுன்னா ஏனுங் மாமா கப் ரேஸுக்குப் போகல?" டிவியில் காட்டுவதுதான் உயரம், மற்றதெல்லாம் அதற்கு ஏறுகிற படி என்ற நினைப்பு நம் எல்லோருக்கும் இருக்கிறது. கிரிக்கெட்டிலும் சினிமாவிலும் இப்படித்தான் பேசுகிறோம். ஆனால் அன்றைய ஷார்ட் டிராக் தொழிலின் வரவு செலவைப் பார்த்தால் விஷயம் வேறு மாதிரி. கப் தொடர் தெற்கத்தி ஆட்டம். அங்கே பெரிய கம்பெனிப் பணம் வேண்டும், இன்னொருவர் காரை ஓட்ட வேண்டும், முதலிரண்டு வருடம் பின்வரிசையில் கிடக்க வேண்டும். வடகிழக்கில் மாடிஃபைட் நட்சத்திரம் என்றால் வாரத்தில் மூன்று இரவு பரிசுப் பணம். பெயர் பெற்றவன் வந்தால் கூட்டம் வரும் என்பதால், பாதையை நடத்துகிறவர் தலையைக் காட்டுவதற்கே தனியாகப் பணம் கொடுப்பதும் உண்டு. பிட் ஆட்கள் பகலில் ஆலையிலோ பட்டறையிலோ வேலை பார்த்துவிட்டு மாலையில் கராஜுக்கு வருகிற அக்கம்பக்கத்தார். கார் தன்னுடையது, முடிவு தன்னுடையது. நன்றாக ஓடுகிற சொந்தப் பட்டறையை மூடிவிட்டு வெளியூரில் சம்பளத்துக்குப் போக எத்தனை பேர் சம்மதிப்பார்கள்? வட்டார ஓட்டுநர் என்றால் மேலே போக முடியாதவர் என்று எடுத்துக்கொள்வது அந்தத் தொழிலைத் தெரியாதவர்களின் பேச்சு.

புள்ளிக்காக ஊர் ஊராகப் போகும் அலைச்சலை நாஸ்காரே 1985-ல் நிறுத்தியது. எங்கே வேண்டுமானாலும் ஓடிப் புள்ளி பொறுக்கும் முறை போய், 29 பந்தயங்கள் கொண்ட அட்டவணையோடு மாடிஃபைட் டூர் வந்தது. தொடரை நிர்வகிக்க வந்தவர், ஸ்டியரிங்கை ஏற்கெனவே விட்டுவிட்டிருந்த ஜெர்ரி குக். இந்தப் புது முறையில் எவன்ஸ் தாக்குப் பிடிப்பாரா என்ற கேள்வி எழ இடமே இல்லை. 12 பந்தயங்களில் ஜெயித்து, கடைசிப் பந்தயத்துக்கு முன்பே பட்டத்தை உறுதி செய்துவிட்டார்.

அந்தக் கடைசிப் பந்தயம் மார்ட்டின்ஸ்வில்லில். 1947-ல் தொடங்கிய அரை மைல் பாதை. காகிதம் கோக்கிற கிளிப் மாதிரி, இரண்டு நீள நேர்ப்பாதை, இரண்டு மிக இறுக்கமான வளைவு. 2010 மார்ச்சில் நம்ம ஊர் நரேன் கார்த்திகேயன் நாஸ்கார் டிரக் தொடரில் முதன்முதலாக ஓட்டி 13-வதாக வந்தது இங்கேதான். 1985 அக்டோபர் 24 அன்று பயிற்சியின்போது எவன்ஸின் கார் சுவரில் மோதியது. அவர் இறந்தார். வயது 44. பட்டம் ஏற்கெனவே அவருடையது.

விபத்துக்குப் பிறகு எழுந்த பேச்சு காரின் சட்டத்தைப் பற்றியது. வளைவில் கார் நெளியாமல் சொன்னபடி கேட்க வேண்டும் என்று, முன்னிருந்து பின்வரை நேராக ஓடும் விறைப்பான இரும்புச் சட்டம் போட்டுக் கட்டியிருந்தார்கள். வேகத்துக்கு நல்லது. மோதினால் சட்டம் மடங்காது. மடங்காத இரும்பு அதிர்ச்சி முழுவதையும் உள்ளே இருப்பவரிடம் கொண்டுபோய்ச் சேர்க்கும். அடுத்த சில வருடங்களில் மேலும் சில மாடிஃபைட் ஓட்டுநர்கள் மோதலில் இறந்த பிறகுதான், அடிபட்டால் மடங்கிக்கொடுக்கிற மாதிரி சட்டம் அமைய வேண்டும் என்று விதி மாறியது. ஒரே விபத்தில் புரிந்திருக்க வேண்டிய விஷயம், இத்தனை உயிரை வாங்கிக்கொண்டு புரிந்தது.

2012-ல் எவன்ஸ் நாஸ்கார் ஹால் ஆஃப் ஃபேமில் சேர்க்கப்பட்டார். மாடிஃபைட் ஓட்டுநராகவே வாழ்ந்த ஒருவருக்கு அந்தக் கதவு திறந்தது அதுதான் முதல் முறை. ஜெர்ரி குக் 2016-ல் சேர்ந்தார். மாடிஃபைட் டூரில் 61 என்ற எண்ணை இப்போது யாருக்கும் கொடுப்பதில்லை.