சிங்கமும் பனியும்

கொங்கு நாட்டின் கரிசல் நிலத்தில், மழை ஓய்ந்த பின்னர் மண்ணின் ஈரத்தையும் பனியையும் நம்பிக் கொண்டைக்கடலை வளர்வதைக் காரமடைப் பக்கத்து மாணவர் அறிவர். எபிரேயத் தீர்க்கதரிசியான ஓசியாவின் உவமை ஒன்று அவர்களுக்கு எளிதில் விளங்கும்.

கி.மு. 8ஆம் நூற்றாண்டில் வட இஸ்ரவேல் நாட்டில் வாழ்ந்தவர் ஓசியா. கோடையில் மழை காணாத நாடு அது. கொடிகளுக்கு இரவுப் பனியே துணை. ஆகவே, மனந்திரும்பும் மக்களுக்கு இறைவன் பனி போன்றவன் என்றார். ஆனால், அதே நூலில் அவன் அரிக்கும் பூச்சியாகவும் பீறும் சிங்கமாகவும் வருகிறான். இது முரண்பாடு அன்றோ?

அன்று. உவமையில் பொதுத்தன்மையையே கொள்ளுதல் வேண்டும். முகத்தை மதி என்றால், மதியின் களங்கத்தை முகத்தில் தேடுவோமா? பூச்சி ஓசையின்றி ஆடையை அரிப்பதுபோல் நாடு உள்ளிருந்தே நலிகிறது என்பது ஒரு கருத்து. சிங்கத்தின் பிடிக்குத் தப்ப இயலாததுபோல் அநீதியின் விளைவுக்கும் தப்ப இயலாது என்பது மற்றொன்று. கி.மு. 722 அளவில் அந்நாடு அசீரியரிடம் வீழ்ந்தது. பனியோ, வாடியது மீண்டும் தழைக்கும் என்னும் நம்பிக்கை.

ஓர் உவமையை மட்டும் பற்றிக்கொண்டால், இறைவன் கொடியவன் என்றோ, எதையும் பொறுப்பவன் என்றோ முடிவு கட்டிவிடுவோம். மூன்றையும் சேர்த்துப் படிப்பவரே ஓசியாவைப் படித்தவர் ஆவர்.