டிரான்ஸ்ஃபர் ஆர்டர் வந்தாச்சா? முதல்ல ஜாயின் பண்ணணுமா, கோர்ட்டுக்குப் போகணுமா?

"உன்னைத் தண்ணியில்லாக் காட்டுக்கு மாத்திடுவேன்!" அரசு அலுவலகங்களில் இந்த மிரட்டலைக் கேட்காதவர்கள் குறைவு. அந்தக் காடு எங்கே என்று கேட்டால், பலரும் கை காட்டுவது ராமநாதபுரம் பக்கம். மழை பெய்து கண்மாய் நிறைந்தால்தான் வெள்ளாமை என்று இருக்கும் அருப்புக்கோட்டை, திருச்சுழி, நரிக்குடி வட்டாரத்தையும் அதே கணக்கில் சேர்த்துவிடுவார்கள்.

நீங்கள் அங்கே மாற்றப்பட்டாலும் சரி, அங்கிருந்து வேறு எங்கோ தூக்கி அடிக்கப்பட்டாலும் சரி, "கோர்ட்ல ஒரு ஸ்டே வாங்கிடலாம்ப்பா" என்று யாராவது யோசனை சொல்வார்கள். அது அவ்வளவு சுலபமா?

சட்டம் என்ன சொல்கிறது?

இடமாறுதல் என்பது வேலையின் ஒரு பகுதி. ஒரே ஊரில் இருந்தே தீருவேன் என்று கேட்க யாருக்கும் உரிமை இல்லை. பீகார் ஆசிரியைகள் தொடர்பான ஷில்பி போஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது. 'கணவன், மனைவி இருவருக்கும் ஒரே ஊரில் போஸ்ட்டிங்' என்ற அரசின் வழிகாட்டுதலும் அப்படித்தான். அதை அதிகாரிகள் கவனத்தில் கொள்ள வேண்டும். ஆனால், அதை மட்டும் காட்டி கோர்ட்டில் உரிமை கோர முடியாது என்பது 1993-ல் வந்த அப்பாஸ் வழக்குத் தீர்ப்பு.

எப்போது கோர்ட் தலையிடும்?

மூன்று சந்தர்ப்பங்களை முக்கியமாகச் சொல்லலாம். கட்டாயச் சட்ட விதியை மீறியிருந்தால். அதிகாரம் இல்லாதவர் உத்தரவு போட்டிருந்தால். உள்நோக்கத்தோடோ, தண்டனையாகவோ மாற்றியிருந்தால்.

மத்திய கலால் அதிகாரி சோமேஷ் திவாரி, போபாலில் இருந்து ஷில்லாங்குக்கு மாற்றப்பட்டார். காரணம், ஒரு மொட்டைக் கடுதாசி. விசாரித்ததில் புகாரில் உண்மை இல்லை என்று தெரிந்தது. 'தண்டனைக்குப் பதிலாகப் போட்ட டிரான்ஸ்ஃபர் செல்லாது' என்று உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. 2020-ல் இன்னொரு வழக்கு. முறைகேடுகளைச் சுட்டிக்காட்டி, பாலியல் தொல்லை புகாரும் கொடுத்த பஞ்சாப் அண்ட் சிந்து வங்கியின் பெண் அதிகாரியை இந்தூரிலிருந்து வேறு ஊருக்கு மாற்றியதும் செல்லாது என்று தீர்ப்பானது.

ஆனால், உள்நோக்கத்தை நிரூபிப்பது லேசுப்பட்ட காரியம் இல்லை. தமிழ்நாட்டின் தலைமைச் செயலாளராக இருந்த ராயப்பாவே, தன்னை வேறு பதவிக்கு மாற்றியதை எதிர்த்து உச்ச நீதிமன்றம் வரை போய், 1973-ல் தோற்றார். 'அவருக்கு என் மேல காண்டு' என்று சொன்னால் போதாது. தேதி, கடிதம், சம்பவம் வேண்டும். குற்றம் சாட்டப்படும் அதிகாரியை அவர் பெயரிலேயே எதிர்மனுதாரராகச் சேர்க்கவும் வேண்டும்.

வீட்டில் உட்காராதீர்கள்!

பலரும் சறுக்குவது இங்கேதான். குஜராத் மின்வாரிய ஊழியர் ஒருவர் சூரத்தில் இருந்து உகாய்க்கு மாற்றப்பட்டார். மனு கொடுத்துவிட்டு, புது இடத்துக்குப் போகாமலே இருந்தார். வேலை போனது. 1989-ல் உச்ச நீதிமன்றமும் அது சரி என்றது. மனு நிலுவையில் இருப்பது ஸ்டே ஆகாது. தடை உத்தரவு கையில் இல்லையென்றால், ஜாயின் பண்ணிவிடுங்கள். 'என் ஆட்சேபத்துக்கும் உரிமைகளுக்கும் உட்பட்டு பணியில் சேர்கிறேன்' என்று எழுதிக் கொடுத்துவிட்டு, வழக்கைத் தொடரலாம்.

எங்கே போவது?

மாநில அரசு ஊழியர், மின்வாரியம், அரசுப் போக்குவரத்துக் கழகம், அரசு வங்கி என்றால், உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு. விருதுநகர் மாவட்டத்துக்காரர்கள் இதற்காகச் சென்னைக்கு அலைய வேண்டியதில்லை. 2004 முதல் மதுரைக் கிளை இருக்கிறது. தபால், வருமான வரி போன்ற மத்திய அரசு ஊழியர்கள் முதலில் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குத்தான் போக வேண்டும்.

அதற்கும் முன்பு, மேலதிகாரிக்கு ஆதாரங்களோடு ஒரு மனு. மருத்துவச் சான்று, மாற்றுத்திறன் சான்று, பிள்ளைகளின் படிப்பு விவரம், உங்கள் துறையின் இடமாறுதல் கொள்கை எல்லாவற்றையும் இணையுங்கள். அந்த மனுவைப் பரிசீலித்து முடிவு சொல்லும்படி கோர்ட் உத்தரவிடுவதும் உண்டு.

இன்னொரு விஷயம். ஓர் ஊரைத் தண்டனையாகப் பயன்படுத்தும்போது, பாதிக்கப்படுவது ஊழியர் மட்டுமில்லை. வேண்டா வெறுப்பாக வந்து, எப்போது கிளம்பலாம் என்று பார்க்கும் ஆசிரியரும் டாக்டரும்தான் திருச்சுழி மக்களுக்கு மிஞ்சுகிறார்கள். கோர்ட் தண்டனை டிரான்ஸ்ஃபரை ரத்து செய்வது, ஒரு வகையில் அந்த ஊருக்கும் நியாயம்தான்.