36 பைசா தண்ணீரும் 9,187 ரூபாய் நஷ்டஈடும்

2019 ஜூலை 12. ஜோலார்பேட்டையில் இருந்து 50 வேகன்களில் 25 லட்சம் லிட்டர் குடிநீரைச் சுமந்துகொண்டு ஒரு ரயில், அரக்கோணம், ஆவடி, அம்பத்தூர் வழியாக வில்லிவாக்கம் வந்து சேர்ந்தது. புழல், சோழவரம், பூண்டி, செம்பரம்பாக்கம் என நாலு ஏரியும் காய்ந்து கிடந்த வருஷம் அது. அந்த ரயில் பாதைக்கு வடக்கே இருக்கிறது கள்ளிக்குப்பம். ஒரு பக்கம் புழல் ஏரி, இன்னொரு பக்கம் கொரட்டூர் ஏரி. ரெண்டு ஏரிக்கு நடுவில் இருக்கிற ஊர்ப் பக்கமாக, இருநூறு கிலோமீட்டர் தாண்டி இருந்து தண்ணீர் வந்தது.

இயற்கைக்கு விலை போடலாமா, கூடாதா என்று நம் கூட்டங்களில் அடிக்கடி பேச்சு வருகிறது. "தாய்க்கு யாராவது விலை போடுவாங்களா?" என்று பெரியவர்கள் கேட்பார்கள். அந்தக் கேள்வி நியாயமானதுதான். ஆனால் அந்த ரயில் வந்த அன்றைக்கே ஏரிக்கு விலை போட்டாகிவிட்டது. நாம் கணக்கை எழுதிப் பார்க்கவில்லை, அவ்வளவுதான்.

இப்போது எழுதிப் பார்ப்போம். ஆறு மாதத்துக்கு, நாளுக்கு ஒரு கோடி லிட்டர் கொண்டுவர அரசு அறிவித்த தொகை 65 கோடி ரூபாய். 180 நாளுக்கு 180 கோடி லிட்டர். வகுத்தால் லிட்டருக்கு 36 பைசா. புழல் ஏரியின் கொள்ளளவு 3,300 மில்லியன் கன அடி, அதாவது சுமார் 9,340 கோடி லிட்டர். ஒருமுறை நிரம்பும் தண்ணீரை ரயிலில் கொண்டுவந்தால் 3,360 கோடி ரூபாய்க்கு மேல் ஆகும். மழை அதைக் கூலி வாங்காமல் செய்துகொண்டிருக்கிறது. இதுவும் வெறும் தண்ணீர்க் கணக்குதான். மீன், வண்டல், சுற்றுவட்டாரக் கிணறுகளின் ஊற்று, வெள்ளம் வந்தால் வாங்கி வைத்துக்கொள்ளும் வயிறு, இது எதுவும் அந்த 36 பைசாவில் சேரவில்லை.

இதையே ஒரு ஏக்கருக்குப் போட்டுப் பாருங்கள். சென்னைப் பக்கம் வருஷ மழை சுமார் 1,400 மில்லிமீட்டர். ஒரு ஏக்கரில் விழுவது 56 லட்சம் லிட்டர். வரப்பு உயர்த்தி, மூடாக்கு போட்டு, மண்ணில் மட்கு உள்ள நிலத்தில் பத்தில் ஒரு பங்கு கீழே இறங்குகிறது என்று வைத்துக்கொண்டால்கூட 5.6 லட்சம் லிட்டர். ரயில் விலைப்படி 2 லட்சம் ரூபாய், வருஷா வருஷம். அந்த ஏக்கரை 18 கிரவுண்டாகப் பிரித்து, கட்டடம் கட்டி, சிமெண்ட் பூசிவிட்டால் மழை நேராக ரோட்டுக்கு ஓடிவிடும். மனை விற்ற பத்திரத்தில் இந்த நஷ்டம் எந்தப் பக்கத்திலும் இருக்காது.

மரத்துக்கும் இப்படிக் கணக்கு போட்டிருக்கிறார்கள். மேற்கு வங்கத்தில் ரயில்வே மேம்பாலங்களுக்காக 356 மரங்களை வெட்டும் வழக்கில், உச்ச நீதிமன்றம் அமைத்த நிபுணர் குழு 2021-இல் ஒரு மரத்துக்கு வருஷத்துக்கு 74,500 ரூபாய் என்று சொன்னது. அதில் பிராணவாயுவுக்கு 45,000, உயிர் உரத்துக்கு 20,000. பிராணவாயுக் கணக்கில் எனக்கு அவ்வளவு ஒப்புதல் இல்லை. காற்றை யாரும் கடையில் வாங்குவதில்லையே. ஆனால் உரக் கணக்கு நமக்கு உடனே புரியும். புங்கன் தழையையும் வேப்பந்தழையையும் வயலில் மிதித்தவர்கள் நாம்.

விலை போடுவதில் ஒரு ஆபத்தும் உண்டு. காட்டு நிலத்தை வேறு வேலைக்கு எடுப்பவர்கள் கட்ட வேண்டிய தொகையை 2008-இல் உச்ச நீதிமன்றம் ஹெக்டேருக்கு 4.38 லட்சத்தில் இருந்து 10.43 லட்சம் ரூபாய் வரை என்று நிர்ணயித்தது. காட்டை அழிப்பவனுக்குச் செலவு இருக்கட்டும் என்பது நோக்கம். சுரங்கக்காரருக்கோ அது நுழைவுச் சீட்டு மாதிரி ஆகிவிடுகிறது, கட்டிவிட்டு வெட்டிக்கொள்ளலாம். அழிப்பதற்கு முன்பே கட்டும் பணம் அனுமதியாக மாறிவிடுகிறது. அதனால் போடுகிற விலை, அழித்தவனைக் கூண்டில் ஏற்றும் சாட்சியாக இருக்க வேண்டும், விற்பனை விலையாக ஆகக்கூடாது என்பது என் கட்சி. நம்ம ஜே.சி.குமரப்பா, இருப்பில் இருந்து எடுத்துத் தீர்க்கும் பொருளாதாரம் வேறு, ஓடிக்கொண்டே இருக்கும் பொருளாதாரம் வேறு என்று பிரித்துச் சொன்னார். ஏரி ரெண்டாவது வகை. வருஷா வருஷம் வருகிற வரவுக்குத்தான் கணக்கு எழுதலாம், முதலுக்கு விலை கிடையாது.

சாட்சியாக நின்ற விலைக்கும் தமிழ்நாட்டிலேயே உதாரணம் இருக்கிறது. அந்தத் தண்ணீர் ரயில் புறப்பட்ட ஜோலார்பேட்டை அப்போது வேலூர் மாவட்டத்தில் இருந்தது. அதே மாவட்டத்தில்தான் வாணியம்பாடி, ஆம்பூர், ராணிப்பேட்டை தோல் தொழிற்சாலைக் கழிவு பாலாற்றையும் கிணறுகளையும் கெடுத்தது. வேலூர் குடிமக்கள் நல மன்றம் போட்ட வழக்கில், 1996 ஆகஸ்ட் 28-இல் நீதிபதி குல்தீப் சிங் அமர்வு, மாசுபடுத்தியவரே செலவை ஏற்க வேண்டும் என்று தீர்ப்பு சொன்னது. நஷ்டத்தை மதிப்பிட ஒரு ஆணையமும் வந்தது. 2001 மார்ச் 7-இல் அந்த ஆணையம் 29,193 பேருக்கு 26.82 கோடி ரூபாய் என்று முடிவு செய்தது.

வகுத்துப் பாருங்கள், சராசரியாக ஆளுக்கு 9,187 ரூபாய். ரயில் தண்ணீர் விலையில் அது 25,500 லிட்டர், ரெண்டு டேங்கர் லாரிக்குக் கொஞ்சம் கூட. கிணறு கெட்டு, தென்னை காய்ந்து, நெல்லை விட்டுவிட்ட குடும்பத்துக்கு இது. சென்னைக்காரர் குடிக்கிற தண்ணிக்கு ஒரு விலை, உழவர் கிணற்றுத் தண்ணிக்கு இன்னொரு விலையா? அந்தத் தொகையும் எல்லோர் கைக்கும் போய்ச் சேரவில்லை. 2025 ஜனவரி 30-இல் உச்ச நீதிமன்றம், இதுவரை கொடுக்காதவர்களுக்கு ஆறு வாரத்துக்குள் அரசு கொடுத்துவிட்டு, மாசுபடுத்தியவர்களிடம் வசூலித்துக்கொள்ள வேண்டும் என்று மறுபடியும் உத்தரவிட வேண்டியிருந்தது.

நஷ்டம் வந்த பிறகு "முன்னாடி எப்படி இருந்தது?" என்று கேட்டால் காட்டுவதற்கு நம்மிடம் பெரும்பாலும் காகிதம் இருப்பதில்லை. எனவே தண்ணீர் நல்லா இருக்கும்போதே ஒரு நோட்டு போடுங்கள். முதல் பக்கத்தில் சர்வே எண்ணும், வயலில் நிற்கும் மரங்களின் வகையும் வயதும். பிறகு மாதம் ஒருமுறை கிணற்றுக்குள் கயிறு விட்டுத் தண்ணீர் எத்தனை அடியில் நிற்கிறது என்று தேதியோடு குறியுங்கள். வருஷம் ரெண்டு தடவை தண்ணீரைப் பரிசோதனைக்குக் கொடுத்து, டி.டி.எஸ். அளவு வந்த சீட்டை ஒட்டி வையுங்கள். போகத்துக்கு எத்தனை மூட்டை கண்டது என்பதையும் எழுதுங்கள். ஏரிப் பாசனம் உள்ளவர்கள் மதகு திறந்த நாள், மூடிய நாள், கலங்கல் வழிந்த நாள் மூன்றையும் சேர்த்துக்கொள்ளலாம். ஐப்பசி மழைக்கு முன்னாடி முதல் அளவை எடுத்துவிட்டால், தை மாதம் எடுக்கிற அளவோடு வைத்துப் பார்க்கலாம்.