தோட்டத்துக் கதவைக் காணோம்!

மே மாதம் 1-ந் தேதி. பொழுது விடிகிறது. பாட்டி வாசலுக்கு வருகிறாள். தோட்டத்துக் கதவைக் காணோம்! பக்கத்து வீட்டில் பூந்தொட்டிகளைக் காணோம். எதிர் வீட்டில் பெஞ்சியைக் காணோம்.

யாரும் கூச்சல் போடுவதில்லை. நேரே ஊர் நடுவில் உள்ள சதுக்கத்துக்குப் போகிறார்கள். அங்கே எல்லாம் குவிந்து கிடக்கின்றன! சிரித்துக்கொண்டே அவரவர் பொருளைத் தூக்கி வருகிறார்கள்.

ஜெர்மனியின் தென்பகுதியில் உள்ளது பவேரியா மாநிலம். அங்குள்ள சின்ன ஊர்களில் இது வழக்கம். குளிர் போய் வசந்தம் வந்ததும், வாலிபர்களுக்குக் கை சும்மா இருக்காது. ஏப்ரல் 30-ந் தேதி இரவு அவர்களுடைய ராஜ்யம். அதற்குச் "சுதந்திர இரவு" என்றே பெயர்!

மரத் திருட்டு

இதைவிடப் பெரிய குறும்பும் உண்டு. மே 1-ந் தேதி ஊர் நடுவில் ஒரு கம்பம் நடுவார்கள். அதற்கு "மே மரம்" என்று பெயர். பெரும்பாலும் நீலமும் வெள்ளையுமாக வர்ணம் அடித்திருக்கும். சில மரங்கள் 30 மீட்டர் உயரம். அதாவது, ஏறக்குறைய 100 அடி!

நடுவதற்கு முன்பு, பக்கத்து ஊர் வாலிபர்கள் அதைத் திருடிக்கொண்டு போகலாம். ஆகவே, உள்ளூர் இளைஞர்கள் இரவெல்லாம் கண்விழித்துக் காவல் காக்கிறார்கள். கொஞ்சம் அயர்ந்தால் போச்சு!

இந்தத் திருட்டுக்கும் சட்டதிட்டம் உண்டு. அடிதடி கூடாது. மரத்தை அறுக்கக் கூடாது. ஊர் எல்லைக்குள் பிடிபட்டால், திருப்பித் தந்துவிட வேண்டும். எல்லையைத் தாண்டிவிட்டால், திருடியவர்களுக்கே வெற்றி! பறிகொடுத்தவர்கள் போலீசுக்குப் போகக் கூடாது. பேரம் பேசி, பீரும் சாப்பாடும் கொடுத்து மரத்தை மீட்க வேண்டும்.

2004-ம் ஆண்டில் நடந்த திருட்டுதான் பலே திருட்டு! ஜெர்மனியிலேயே உயரமான மலை சுக்ஷ்பிட்சே. உயரம் 2,962 மீட்டர். அங்கு வைத்திருந்த மரத்தை ஹெலிகாப்டரில் தூக்கிக்கொண்டு போய்விட்டார்கள்!

விளையாட்டு வினையாகும்

எல்லாக் குறும்பும் சிரிப்பில் முடிவதில்லை. சிலர் நடுத்தெருவில் உள்ள சாக்கடை மூடியைக் கழற்றிவிடுகிறார்கள். இருட்டில் சைக்கிளில் வருகிறவர் கதி என்ன?

அதனால், ஆண்டுதோறும் போலீசார் முன்கூட்டியே எச்சரிக்கிறார்கள். பொருளை உடைத்தாலும், உயிருக்கு ஆபத்து உண்டாக்கினாலும், வழக்குத்தான். "இது எங்கள் ஊர் வழக்கம்" என்ற சாக்கு அங்கே செல்லாது.

பாட்டியின் கதவு மத்தியானத்துக்குள் பழைய இடத்துக்கு வந்துவிடும். உடைந்த காலும், போன உயிரும் அப்படித் திரும்பி வருமா? பறிகொடுத்தவரும் சேர்ந்து சிரித்தால்தான் அது குறும்பு!