சிவப்பு வெளிச்சத்தில் ஹைட்ரஜன்

ஒரு பெட்டி. உள்ளே 1,000 வாட் பல்பு. முன்னால் செருகிக்கொள்ள ஐந்து வண்ணக் கண்ணாடிகள். மாற்றிச் சேர்த்தால் 12 நிறங்கள் கிடைக்கும். பம்பாயில் 1873-ல் பிறந்த பார்சிக்காரர் தின்ஷா கடியாலி, அமெரிக்காவில் குடியேறி, 1920-ல் இதற்கு ‘ஸ்பெக்ட்ரோ-குரோம்’ என்று பெயர் வைத்து விற்கத் தொடங்கினார். நோயாளி துணியைக் களைந்துவிட்டு வடக்கே தலைவைத்துப் படுத்து, தன் நோய்க்குரிய நிறத்தை உடம்பில் வாங்க வேண்டும். எந்த நேரத்தில் என்பதற்குச் சந்திரனையும் பார்க்க வேண்டும். வடக்கே தலைவைத்துப் படுக்காதே என்று நம் பாட்டிமார் சொன்னது அவர் காதில் விழவில்லை போலும்.

கடியாலியின் விளக்கம் அசல் ரசவாதம். உடம்பு ஹைட்ரஜன், ஆக்சிஜன், நைட்ரஜன், கார்பனால் ஆனது. ஒவ்வொன்றுக்கும் ஒரு நிறம் உண்டு. எது குறைகிறதோ அதற்குரிய வெளிச்சத்தைப் பாய்ச்சினால் குறை தீரும் என்றார். சிவப்பு ஹைட்ரஜனாம், நீலம் ஆக்சிஜனாம். ஈயத்தைப் பொன்னாக்குகிறேன் என்றவர்கள்கூட ஈயம் என்ற ஒன்றையாவது கையில் வைத்திருந்தார்கள்.

வண்ண வெளிச்சம் பட்டு யாரும் சாகவில்லை. அதுதான் இதில் உள்ள கண்ணி. சுடுவதில்லை, கசப்பதில்லை, ஊசி குத்துவதில்லை. ‘பார்த்தால் என்ன கெட்டுப்போகிறது’ என்று தோன்றும். கெட்டது வேறு இடத்தில். சர்க்கரை நோயாளிகளிடம் இன்சுலினை நிறுத்தச் சொன்னார்கள். நம்பி நிறுத்தியவர்களில் உயிரிழந்தவர்களும் உண்டு. அமெரிக்க உணவு மருந்து நிர்வாகம் தொடுத்த வழக்கு நியூஜெர்சி மாநிலம் கேம்டனில் நடந்தபோது, வண்ண ஒளியால் வலிப்பு நோய் தீர்ந்ததாகச் சொல்ல வந்த கடியாலி தரப்புச் சாட்சிக்கு நீதிமன்றத்திலேயே வலிப்பு வந்தது. 1947 ஜனவரியில் கடியாலி குற்றவாளி எனத் தீர்ப்பானது. 20,000 டாலர் அபராதம், ஐந்தாண்டு நன்னடத்தைக் கண்காணிப்பு.

கடியாலி 1966-ல் இறந்தார், வியாபாரம் இறக்கவில்லை. ‘கலர் தெரபி’, ‘சக்ரா லைட்’ என்று பெயர் மாற்றிக்கொண்டு இப்போது கைப்பேசித் திரைக்கே வருகிறது. நிறக் கண்ணாடிப் பாட்டிலில் தண்ணீரை வெயிலில் வைத்து மருந்து என்று கொடுப்பவர்களும் இருக்கிறார்கள். மனசுக்கு இதமாக இருக்கிறது என்று அறையில் ஒரு பச்சை விளக்கைப் போட்டுக்கொள்பவரோடு எனக்குச் சண்டையில்லை. மாத்திரைக்குப் பதிலாக அதைப் போடச் சொல்பவரோடுதான்.

வெளிச்சத்தால் நோய் தீர்வதே இல்லையா? தீர்கிறது. பிறந்த குழந்தையின் மஞ்சள் காமாலைக்கு ஆஸ்பத்திரியில் நீல ஒளியில்தான் வைக்கிறார்கள். 460 முதல் 490 நானோமீட்டர் அலைநீளமுள்ள அந்த ஒளி, தோலில் தேங்கிய பிலிருபினை உடம்பு எளிதில் வெளியேற்றும் வடிவத்துக்கு மாற்றுகிறது. குழந்தையின் கண்களைக் கட்டி, பிலிருபின் அளவை அடிக்கடி பரிசோதித்து, விளக்கு எவ்வளவு தூரத்தில், எத்தனை மணி நேரம் என்று கணக்குப் பார்த்துச் செய்வது அது. வீட்டில் நீல நிற ஜீரோ வாட் பல்பைப் போட்டுக் குழந்தையைக் கிடத்தினால் இதில் எதுவும் நடக்காது. பிலிருபின் ஏறி மூளையைத் தாக்கினால் காது கேளாமை, வளர்ச்சிக் குறைபாடு என்று வாழ்நாள் பாதிப்பாகும். சோரியாசிஸுக்குத் தோல் மருத்துவர்கள் தரும் 311 நானோமீட்டர் புறஊதா ஒளிச் சிகிச்சையும் இப்படி அளந்து கொடுப்பதுதான். அலைநீளமும் அளவும் சொல்லத் தெரியாமல் நிறத்தின் பெயரை மட்டும் சொல்பவரிடம் எச்சரிக்கையாக இருங்கள்.

சட்டம் நம் பக்கம்தான் இருக்கிறது. சர்க்கரை நோய், புற்றுநோய், வலிப்பு, பக்கவாதம் முதலான பல நோய்களைக் குணப்படுத்துவதாக விளம்பரம் செய்வதையே 1954-ம் ஆண்டின் மருந்துகள் மற்றும் மாயத் தீர்வுகள் (ஆட்சேபகரமான விளம்பரங்கள்) சட்டம் தடுக்கிறது. உடலியக்கத்தை மாற்றுவதற்கென்று விற்கப்படும் பொருளையும் அது ‘மருந்து’ என்ற சொல்லுக்குள் கொண்டுவருவதால், ‘இது வெறும் விளக்குதான் சார்’ என்று எளிதில் நழுவ முடியாது. புகாரை மாநில மருந்துக் கட்டுப்பாட்டுத் துறையிடம் கொடுக்கலாம். 2019-ன் நுகர்வோர் பாதுகாப்புச் சட்டத்தில், தவறாக வழிநடத்தும் விளம்பரத்துக்கு மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் 10 லட்சம் ரூபாய் வரையும், மறுபடி செய்தால் 50 லட்சம் வரையும் அபராதம் போடலாம்.

கொடுத்த பணமும் இழப்பீடும் வேண்டுமென்றால் மாவட்ட நுகர்வோர் ஆணையத்துக்குப் போக வேண்டும். கொடுத்த தொகை ஐந்து லட்சத்துக்குள் என்றால் கட்டணம் கிடையாது. வக்கீல் வைத்தே தீர வேண்டும் என்பதும் இல்லை. வழக்குக் காரணம் எழுந்த நாளிலிருந்து இரண்டு ஆண்டுக்குள் போட்டுவிட வேண்டும். எப்படித் தொடங்குவது என்று தெரியாவிட்டால் 1915 என்ற நுகர்வோர் உதவி எண்ணை அழைத்துக் கேளுங்கள். இந்த வழக்குகளில் வாய்ப்பேச்சு நிற்காது. பில், பணம் அனுப்பிய ரசீது, விளம்பரத்தின் ஸ்கிரீன்ஷாட், ‘மாத்திரையை விடுங்க’ என்று வந்த வாட்ஸ்அப் செய்தி எதையும் அழிக்காதீர்கள். விற்றவர் நாளைக்கே பதிவை நீக்கிவிடுவார்.

வழக்கெல்லாம் அப்புறம். வீட்டில் யாராவது இப்படி இன்சுலினையோ வலிப்பு மாத்திரையையோ நிறுத்தியிருந்தால், திட்டி நேரத்தை வீணாக்காமல் அன்றைக்கே வழக்கமான மருத்துவரிடம் கூட்டிப்போங்கள். இன்சுலினை விட்டவருக்கு வாந்தி, வயிற்றுவலி, வேகமான மூச்சு, மயக்கம் என்று எது வந்தாலும் 108-ஐ அழைத்துவிடுங்கள். என்ன மருந்தை, எந்தத் தேதியிலிருந்து நிறுத்தினார் என்பதை ஒரு தாளில் எழுதி ஆம்புலன்ஸில் வருபவரிடம் கொடுங்கள்.