லிட்டருக்கு எத்தனை? குடும்ப வேனின் எரிபொருளும் நான்காம் வேற்றுமையும்

பேராக் மாநிலத்தில் எந்தத் திருமண மண்டபத்தின் முன்றிலை நோக்கினும் ஏழு இருக்கை வண்டிகள் அணிவகுத்து நிற்பதைக் காணலாம். பெரோடுவா அல்சா, புரோட்டோன் எக்சோரா, தொயோத்தா இன்னோவா, நிசான் செரினா எனப் பெயர்கள் பல. விற்பனையாளர் அவற்றை எம்.பி.வி. என்பர். நம் வீடுகளில் அவை பெரும்பாலும் ‘வேன்’தான். அவற்றைப் பற்றி நம்மவர் கேட்கும் முதற்கேள்வியும் ஒன்றே: “லிட்டருக்கு எத்தனை கிலோமீட்டர் ஓடும்?” ஈப்போவில் பழைய வண்டி வாங்கச் செல்பவரும் இதைக் கேட்கிறார், புதுவண்டியின் விளம்பரத் தாளும் இதற்கே விடை சொல்கிறது.

மொழியியல் பயின்ற நமக்கு இவ்வினாவில் வண்டியைவிட முதலில் கண்ணிற்படுவது ‘லிட்டருக்கு’ என்னும் சொல்லின் இறுதியில் நிற்கும் ‘கு’ உருபே. நான்காம் வேற்றுமை கொடை, பகை, தகுதி, முறை எனப் பல பொருளில் வருவதை மாணவர் அறிவர். அதற்குப் பங்கீட்டுப் பொருளும் உண்டு. ‘ஆளுக்கு இரண்டு பழம்’, ‘நாளுக்கு எட்டு மணி’, ‘வீட்டுக்கு ஒருவர்’ என்னும் தொடர்களில் எந்தப் பெயர் ‘கு’ உருபை ஏற்கிறதோ அதுவே அளவுகோலாகிறது. மற்றது அளக்கப்படும் பொருளாகிறது. உருபு இடம் மாறினால் அளவுகோல் மாறும். அளவுகோல் மாறினால் கணக்குக் காட்டும் உண்மையும் மாறும். எரிபொருள் மிச்சப்படுத்த விரும்பும் குடும்பம் இந்த உருபை எங்கே வைப்பது என்பதுதான் இக்கட்டுரையின் பொருள்.

‘மைலேஜ்’ என்ற சொல்லையும் இங்கேயே தொட்டுச் செல்லலாம். மைல் நம் சாலைகளை விட்டு நீங்கிப் பல பத்தாண்டுகள் ஆகியும் அச்சொல் நிலைத்துவிட்டது. மைல்கல்லைக் குறித்து, பின் மைல் தொலைவையே குறித்த ‘கட்டை’ என்ற மலேசியத் தமிழ் வழக்கு முதியோர் வாயில் இன்னும் உள்ளது. பெட்ரோலை நம்மவர் ‘எண்ணெய்’ என்பதும் கருதத்தக்கது. எள்ளின் நெய் எண்ணெய் ஆயிற்று. பின்னர் எள்ளை மறந்து எல்லா நெய்க்கும் பொதுவாயிற்று. இலத்தீனில் ஒலிவத்தின் நெய்யைக் குறித்த சொல்லும் இவ்வாறே பொதுவாகி, கல்லைக் குறிக்கும் சொல்லோடு சேர்ந்து ‘பெட்ரோலியம்’ ஆனது. இரு மொழிகள் தனித்தனியே ஒரே வழியில் நடந்திருக்கின்றன.

இனிக் கணக்குக்கு வருவோம். ஒரு வீட்டில் இரண்டு வண்டிகள் உள்ளன எனக் கொள்வோம். பழைய வேன் லிட்டருக்கு 8 கிலோமீட்டர் ஓடுகிறது. சிறிய மகிழுந்து லிட்டருக்கு 16 கிலோமீட்டர் ஓடுகிறது. பராமரிப்பாலும் ஓட்டும் முறையாலும் வேனை 10-க்கு உயர்த்தலாம், அல்லது மகிழுந்தை 20-க்கு உயர்த்தலாம். எது நன்மை மிகுந்தது? வேனில் கூடியது 2. மகிழுந்தில் கூடியது 4. ஆதலால் மகிழுந்தையே கவனிக்க வேண்டும் என்று மனம் உடனே சொல்லும்.

உருபை இடம் மாற்றி, ‘ஆயிரம் கிலோமீட்டருக்கு எத்தனை லிட்டர்?’ என்று கேட்போம். வேன் முன்பு 125 லிட்டர் குடித்தது; இப்போது 100. மிச்சம் 25 லிட்டர். மகிழுந்து முன்பு 62.5 லிட்டர் குடித்தது, இப்போது 50. மிச்சம் 12.5 லிட்டர். கூடியது 2 என்று சிறிதாகத் தோன்றிய இடத்தில் இருமடங்கு ஆதாயம் ஒளிந்திருக்கிறது. டியூக் பல்கலைக்கழக ஆய்வாளர் லாரிக், சோல் இருவரும் 2008-இல் ‘சயின்ஸ்’ இதழில் இந்த மயக்கத்தை எடுத்துக்காட்டினர். அவர்கள் ஆராய்ந்தது அமெரிக்கர் வழங்கும் ‘காலனுக்கு எத்தனை மைல்’ என்ற அளவை. மயக்கம் ஒன்றே.

ஐரோப்பிய நாடுகள் பல ‘100 கிலோமீட்டருக்கு எத்தனை லிட்டர்’ என்றே கணக்கிடுகின்றன. நம் நாட்டிலும் 2014-ஆம் ஆண்டின் தேசிய வாகனக் கொள்கை, எரிசக்தி சிக்கன வண்டி எது என வரையறுத்தபோது இந்த அளவையே கையாண்டது. விற்பனை விளம்பரமோ பழைய வாய்பாட்டை விடவில்லை. பெரிய எண் அழகாகத் தோன்றும் என்பதைத் தவிர இதற்குத் தக்க காரணம் எதுவும் நமக்குப் புலப்படவில்லை.

தோட்டமும் வேனும்

எரிபொருட் கணக்கு நம் குடும்பங்களுக்கு ஏன் இத்துணை முக்கியமாயிற்று? ரப்பர்த் தோட்டத்தில் வாழ்ந்த தலைமுறைக்கு வண்டி தேவைப்படவில்லை. லயம், வெளிக்காடு, பால் நிறுக்கும் கொட்டகை, கோயில், தமிழ்ப்பள்ளி யாவும் கால்நடைத் தொலைவில் இருந்தன. பால்மரங்கள் வெட்டுண்டு செம்பனை ஏறியது. சில தோட்டங்கள் துண்டாடப்பட்டன. சில வீடமைப்பு நிலங்களாயின. மக்கள் ஈப்போ, சுங்கை சிப்புட், தைப்பிங், தெலுக் இந்தான் ஆகிய ஊர்களைச் சுற்றியுள்ள தாமான்களுக்குக் குடிபெயர்ந்தனர். பல இடங்களில் கோயிலும் பள்ளியும் மட்டும் பழைய மண்ணிலேயே நின்றன. பிள்ளையைத் தமிழ்ப்பள்ளிக்கு அனுப்ப விரும்பும் பெற்றோர் இன்று அருகிலுள்ள வேறு பள்ளியைக் கடந்து பல கிலோமீட்டர் ஓட்டிச் செல்ல வேண்டியிருக்கிறது. அவர்களுக்கு எரிபொருள் விலை பள்ளித் தேர்வோடு பிணைந்த செய்தி.

2008 ஜூன் மாதத்தில் பெட்ரோல் விலை ஒரே இரவில் லிட்டருக்கு 1.92 ரிங்கிட்டிலிருந்து 2.70 ரிங்கிட்டாக உயர்ந்ததைப் பெற்றோர் மறந்திருக்க மாட்டார்கள். 2025 செப்டம்பர் இறுதியில் தொடங்கிய ‘பூடி 95’ திட்டம் குடிமக்களுக்கு ரோன் 95 பெட்ரோலை 1.99 ரிங்கிட்டுக்கு, மாதம் 300 லிட்டர் என்ற வரம்போடு வழங்கியது. அவ்விலையில் மேற்கண்ட 25 லிட்டர் மிச்சம் ஏறத்தாழ 50 ரிங்கிட். ஆயிரம் கிலோமீட்டர் ஓடும் மாதத்தில் இது ஒரு பிள்ளையின் சிற்றுண்டிச் செலவில் பெரும்பகுதியைத் தாங்கும்.

எரிபொருள் எங்கே போகிறது

வேன் ஓடும்போது காற்றைத் தள்ள வேண்டும். டயரை உருட்ட வேண்டும். நின்ற எடையை நகர்த்த வேண்டும். மேட்டில் ஏற்ற வேண்டும். குளிரூட்டியையும் சுழற்ற வேண்டும்.

இவற்றுள் நெடுஞ்சாலையில் தலையாயது காற்று. வேனின் முகம் அகன்றது, உயர்ந்தது. காற்றின் தடை வேகத்தின் இருமடிக்கு ஏற்ப வளரும். மணிக்கு 90 கிலோமீட்டரில் உள்ள தடையை 100 பங்கு எனக் கொண்டால், 110-இல் அது ஏறக்குறைய 149 பங்கு. மொத்த எரிபொருட் செலவு அதே விகிதத்தில் உயராது. டயரின் தடை முதலியன அவ்வாறு வளர்வதில்லை. எனினும் உயர்வு கணிசமானது. ஈப்போவிலிருந்து கோலாலம்பூருக்கு ஏறத்தாழ 200 கிலோமீட்டர். 110-இல் சீராகச் சென்றால் 109 நிமிடம். 90-இல் சென்றால் 133 நிமிடம். இழப்பது 24 நிமிடம். சுங்கச் சாவடி நெரிசலிலேயே அவ்வளவு நேரத்தை இழந்துவிட்டு, அதை ஈடுகட்ட விரைவோர் உண்டு! கூரைமேல் கட்டிய சாமான் தாங்கியும் காற்றுக்குத் தடையே. தைப்பூசப் பயணம் முடிந்ததும் அதைக் கழற்றிவிட வேண்டும்.

டயரைப் பற்றிச் சற்று விரித்துரைப்பது பேராக்கில் தகும். 1877-இல் இம்மாநிலத்தின் பிரிட்டிஷ் ரெசிடெண்ட் ஹியூ லோ கோலகங்சாரில் ரப்பர்க் கன்றுகளை நட்டார். அக்காலத்து மரம் ஒன்று இன்றும் அங்கே காட்டப்படுகிறது. 1888-இல் டன்லப் காற்றடைத்த டயரை உருவாக்கினார். மகிழுந்துத் தொழில் வளர வளர டயருக்குப் பால் வேண்டியிருந்தது. பாலுக்கு ஆள் வேண்டியிருந்தது. நம் முன்னோர் கப்பலேறிய வரலாற்றில் டயருக்கும் பங்குண்டு.

ரப்பரை அழுத்தினால் அது மீளும். ஆனால் கொடுத்த ஆற்றல் முழுவதையும் திருப்பித் தராது. ஒரு பகுதி வெப்பமாகிவிடும். உருளும் டயர் ஒவ்வொரு சுற்றிலும் தரையில் நசுங்கி மீள்கிறது. காற்றுக் குறைந்த டயர் மிகுதியாக நசுங்கி மிகுதியாகச் சுடும். அந்தச் சூட்டுக்கான விலையைப் பெட்ரோல் நிலையத்தில் கொடுக்கிறோம். இயற்கை ரப்பர் செயற்கை ரப்பர் பலவற்றைவிடக் குறைவாகச் சூடேறுவதால்தான் லாரி, வானூர்தி டயர்களில் அது இன்றும் மிகுதியாகச் சேர்க்கப்படுகிறது.

எனினும் டயர்க் காற்றை மட்டும் சரிபார்த்துவிட்டுப் பெருஞ்சேமிப்பை எதிர்பார்க்கலாகாது. அமெரிக்க எரிசக்தித் துறையின் மதிப்பீட்டின்படி, சதுர அங்குலத்திற்கு ஒரு பவுண்டு அழுத்தம் குறைந்தால் இழப்பு சுமார் 0.2 விழுக்காடு. பத்துப் பவுண்டு குறைந்தால் 2 விழுக்காடு. தொகை சிறிது, ஆனால் டயர் வெடித்துவிடும் ஆபத்து பெரிது. பல வேன்களில் ஓட்டுநர் கதவோரத் தகட்டில் இரண்டு அளவுகள் இருக்கும்: சிலர் அமர்ந்திருக்கையில் ஒன்று, இருக்கைகள் நிறைந்திருக்கையில் ஒன்று. டயர் குளிர்ந்திருக்கையில், அதாவது வெகுதூரம் ஓடுவதற்கு முன், அளக்க வேண்டும்.

ஓடாத வண்டியின் செலவு

மேற்சொன்ன இரு அளவுகோல்களும் தோற்கும் இடம் ஒன்று உண்டு. பள்ளி வாயிலில் இயந்திரத்தை நிறுத்தாமல், குளிரூட்டியை ஓடவிட்டுக் காத்திருக்கும் வேன் எத்தனை கிலோமீட்டர் செல்கிறது? சுழியம். அங்கே உருபு ‘மணி’ என்ற பெயரை ஏற்க வேண்டும்: மணிக்கு எத்தனை லிட்டர்? இயந்திரத்தின் அளவையும் குளிரூட்டியையும் பொறுத்து அது அரை லிட்டரிலிருந்து ஒரு லிட்டருக்குச் சற்று மேல் வரை இருக்கலாம். ஒரு லிட்டர் எனக் கொள்வோம். நாளுக்கு அரை மணி, மாதத்திற்கு 20 பள்ளி நாள் எனில் 10 லிட்டர். நூறு கிலோமீட்டருக்கு 10 லிட்டர் குடிக்கும் வேன் அதைக் கொண்டு ஈப்போவிலிருந்து சுங்கை சிப்புட்டுக்கு ஒன்றரை முறை போய்வந்துவிடும். கைக்குழந்தையோ முதியவரோ உள்ளே இருக்கையில் குளிரூட்டியை நிறுத்துமாறு நாம் சொல்லமாட்டோம். தனியே காத்திருப்பவர் இறங்கி மரநிழலில் நிற்கலாம். மணியடிக்கும் நேரத்தை ஒட்டி வரலாம்.

மலைப்பாதையிலும் ஒரு தவறான நம்பிக்கை நிலவுகிறது. கேமரன் மலையிலிருந்து சிம்பாங் பூலாய் நோக்கி இறங்குகையில் கியரை நடுநிலைக்குத் தள்ளினால் எண்ணெய் மிச்சமாகும் என்பர். கார்புரேட்டர் பொருத்திய பழைய வேன்களின் காலத்து எண்ணம் இது. இன்றைய இயந்திரத்தில் எரிபொருளைக் கணினி அளந்து தெளிக்கிறது. கியரில் இருக்கும்போது முடுக்கியிலிருந்து காலை எடுத்தால் அது தெளிப்பதையே நிறுத்திவிடும். சக்கரங்களே இயந்திரத்தைச் சுழற்றும். நடுநிலைக்குத் தள்ளினாலோ இயந்திரம் அணையாதிருக்க எரிபொருள் வேண்டும். அதோடு வண்டியின் முழு எடையும் பிரேக்கின் மேல் விழும். மிச்சமும் இல்லை, காப்பும் இல்லை.

கடைகளில் விற்கும் ‘எண்ணெய்ச் சிக்கனக் கருவி’களைப் பற்றி ஒரு வரி போதும். அமெரிக்கச் சுற்றுச்சூழல் பாதுகாப்பு முகமை இத்தகைய கருவிகளை நூற்றுக்கு மேல் ஆராய்ந்துள்ளது; பெரும்பாலானவற்றால் பயன் இல்லை. ரோன் 95-க்கு அமைந்த இயந்திரத்தில் ரோன் 97 ஊற்றுவதும் வீண் செலவே.

தலைக்கு எத்தனை

இதுகாறும் வேனைக் குற்றவாளிக் கூண்டில் நிறுத்தினோம். உருபை மீண்டும் ஒருமுறை இடம் மாற்றினால் தீர்ப்பு மாறும். ஓட்டுநர் மட்டும் செல்லும் வேன் 100 கிலோமீட்டருக்கு 10 லிட்டர் குடிப்பதாகக் கொள்வோம். இன்னும் அறுவர் ஏறினால் எடை 330 கிலோ அளவு கூடும். 45 கிலோவுக்கு ஏறத்தாழ ஒரு விழுக்காடு என்ற பொது மதிப்பீட்டின்படி செலவு 10.7 லிட்டர் ஆகும். தலைக்கு ஒன்றரை லிட்டர்தான். அவ்வெழுவரும் 6.5 லிட்டர் குடிக்கும் இரண்டு சிறிய மகிழுந்துகளில் சென்றால் மொத்தம் 13 லிட்டர். சுங்கக் கட்டணமும் இரட்டை. நிறைந்த வேன் சிக்கனமானது. தேங்காய்ப்பால் வாங்க ஒருவர் மட்டும் எடுத்துச் செல்லும் வேன் ஊதாரி. வண்டியை மாற்றுவதற்கு முன், எந்தப் பயணத்திற்கு எந்த வண்டி என்பதை மாற்றுவதே மலிவான வழி. ஒரே தாமானிலிருந்து ஒரே தமிழ்ப்பள்ளிக்குச் செல்லும் மூன்று வீட்டார் முறைவைத்து ஒரு வேனில் பிள்ளைகளை ஏற்றிச் சென்றால், டயர்க் காற்று, வேகம், கூரைத் தாங்கி ஆகியவற்றால் கிடைப்பதைவிடப் பன்மடங்கு மிச்சமாகும். கடைக்கும் கோயிலுக்கும் தனித்தனியே போகாமல் ஒரே சுற்றில் முடிப்பதும் இவ்வகையே. சூடேறாத இயந்திரத்தோடு ஓடும் குறும்பயணமே கிலோமீட்டருக்கு மிகுதியாகக் குடிப்பது.

ஆசிரியர்கள் இதை ஆறாம் ஆண்டுக் கணிதப் பாடமாகவே நடத்தலாம். மாணவர் தம் வீட்டு வண்டிக்கு ஒரு குறிப்பேடு வைக்கட்டும். எரிபொருட் கலம் நிரம்பிக் குழாய் தானே நிற்கும்வரை ஊற்றி, தொலைவுமானியின் எண்ணைக் குறிக்க வேண்டும். அடுத்த முறையும் அவ்வாறே நிரப்பி, ஊற்றிய லிட்டரையும் புதிய எண்ணையும் குறிக்க வேண்டும். லிட்டரை ஓடிய கிலோமீட்டரால் வகுத்து நூறால் பெருக்கினால் விடை வரும். அருகில் ஒரு பத்தியில், அவ்வாரம் பெரும்பாலும் எத்தனை பேர் சென்றனர் என்று எழுதட்டும். ஒருமுறை கிடைத்த எண்ணை நம்ப வேண்டாம். குழாய் நிற்கும் அளவு நிலையத்துக்கு நிலையம் சிறிது வேறுபடும். இயன்றவரை ஒரே நிலையத்தில் நிரப்பி, நான்கைந்து முறை ஊற்றியதன் சராசரியைக் கொள்வதே முறை.