நாய்க்கு இன்சூரன்ஸ் எடுத்தாச்சு, கிளைம் பண்ணா பணம் வருமா?



வீட்ல ஒரு லேப்ரடாரோ, சிப்பிப்பாறையோ, தெருவிலிருந்து தூக்கிட்டு வந்த ஒரு நாட்டு நாயோ இருக்கா? அப்போ "பெட் இன்சூரன்ஸ் எடுக்கலாமா?" என்ற கேள்வி உங்களுக்கும் வந்திருக்கும். சில பேர் ஏற்கெனவே எடுத்திருப்பீங்க. ஆன்லைனில் பாலிசி எடுக்கிறது பத்து நிமிஷ வேலை. நாய் ஆபரேஷன் டேபிளில் இருக்கும்போது அந்த பாலிசி கைகொடுக்குமா என்பதுதான் முக்கியம்.

முதலில் ஒரு விஷயத்தை மனசுல வச்சுக்கோங்க. கிளைம் ஃபார்ம் நிரப்புற அன்னைக்கு உங்க கிளைம் முடிவாகிறதில்லை. பாலிசி எடுக்கும்போது நீங்க கொடுத்த விவரமும், கிளினிக்கில் டாக்டர் எழுதிய நாலு வரியும்தான் அதை முடிவு பண்ணுது. எங்கே எதைச் சரியா வச்சுக்கணும்னு ஒவ்வொண்ணா பார்க்கலாம்.

இது ஹெல்த் இன்சூரன்ஸ் இல்லை

நமக்கு அது குடும்பத்தில் ஒருத்தர் மாதிரி. ஆனா சட்டத்தின் பார்வையில் வளர்ப்பு நாய் உங்க உடைமை. அதனால பெட் இன்சூரன்ஸ், வண்டி, வீடு மாதிரி பொதுக் காப்பீட்டு வகையில் வருது. இதனால உங்களுக்கு மூணு விஷயம் மாறுது.

ஒண்ணு, ஆபீஸில் கொடுக்கிற குரூப் ஹெல்த் பாலிசியில் நாயைச் சேர்க்க முடியாது. ரெண்டு, இதுக்குக் கட்டுற பிரீமியத்துக்கு வருமான வரியில் ஹெல்த் இன்சூரன்ஸ் கழிவு கிடையாது. அது நமக்கும், கணவன் அல்லது மனைவிக்கும், பிள்ளைகளுக்கும், பெற்றோருக்கும் மட்டும்தான். மூணாவது, பெரும்பாலும் இது ரீஇம்பர்ஸ்மென்ட். பில்லை முதலில் நீங்க கட்டணும், கம்பெனி பிறகு திருப்பித் தரும். ராத்திரி 11 மணிக்கு எமர்ஜென்சி கிளினிக் 20,000 ரூபாய் அட்வான்ஸ் கேட்டா, பாலிசி பேப்பரைக் காட்டி வேலை நடக்காது. இன்சூரன்ஸ் இருந்தாலும் எமர்ஜென்சி ஃபண்டில் நாய்க்குன்னு ஒரு தொகை தனியா இருக்கணும்.

"இது அதே நாய்தானா?"

மனுஷனுக்கு ஆதார் இருக்கு. நாய்க்கு? கிளைம் பார்க்கிற அதிகாரிக்கு வர்ற முதல் சந்தேகமே, சிகிச்சை எடுத்தது இன்சூர் பண்ணின நாய்தானா என்பதுதான். ரெண்டு கறுப்பு லேப்ரடாரை போட்டோவில் பார்த்து யாராலும் வித்தியாசம் சொல்ல முடியாது.

இதுக்கு நல்ல பதில் மைக்ரோசிப். அரிசி அளவு சிப் ஒண்ணை டாக்டர் ஊசி மூலமா தோலுக்கு அடியில் வச்சுடுவார். ஸ்கேன் பண்ணினா 15 இலக்க எண் வரும். அந்த எண் பாலிசியிலும் இருக்கணும், கிளினிக் ரெக்கார்டிலும் இருக்கணும்.

சிப் இல்லைன்னா, முன்பக்கம், ரெண்டு பக்கவாட்டு, உடம்பில் தனி அடையாளம் இருந்தா அது, இப்படித் தெளிவான போட்டோக்கள் எடுத்து வச்சுக்கோங்க. வருஷா வருஷம் புதுசா எடுங்க. மூணு மாசக் குட்டியா இருந்தப்போ எடுத்த படம், மூணு வயசு நாய்க்கு உதவாது.

சின்ன விஷயம் மாதிரி தெரியும், ஆனா பெயரும் முக்கியம். பாலிசியில் "புரூனோ", கிளினிக் ஃபைலில் "சின்னு". பாலிசி உங்க பேரில், பில் உங்க தம்பி பேரில். இந்த மாதிரி இருந்தா கேள்வி வரும், நாள் இழுக்கும். நாயின் பேரும் உரிமையாளர் பேரும் எல்லா பேப்பரிலும் ஒரே மாதிரி இருக்கட்டும். வயசும் அப்படித்தான். பெரும்பாலான பாலிசிகளில் வயசு வரம்பு இருக்கு, பிரீமியமும் அதைப் பொறுத்து மாறும்.

அடுத்தது தடுப்பூசி கார்டு. பார்வோ, டிஸ்டெம்பர், ரேபிஸ் மாதிரி தடுப்பூசியால் தடுக்கக்கூடிய நோய் வந்து, அந்த ஊசி போடாம விட்டிருந்தீங்கன்னா, கிளைம் நிற்பது கஷ்டம். ஒவ்வொரு ஊசிக்கும் தேதி, மருந்து ஸ்டிக்கர், டாக்டர் கையெழுத்து, சீல் இருக்கான்னு பாருங்க. சென்னை மாநகராட்சியில் செல்லப்பிராணி உரிமம் வாங்கவும் ரேபிஸ் ஊசிச் சான்று வேணும். ஒரே கார்டு, ரெண்டு வேலை.

கேஸ் ஷீட்டில் அந்த ஒரு வரி

இந்தக் கட்டுரையில் ஒரே ஒரு பகுதியைத்தான் படிப்பீங்கன்னா, இதைப் படிங்க.

டாக்டர்கிட்ட போனதும் அவர் கேட்கிற முதல் கேள்வி, "எத்தனை நாளா இப்படி இருக்கு?" பதற்றத்தில் நாம என்ன சொல்வோம்? "ரொம்ப நாளாவே சரியா சாப்பிடறதில்லை டாக்டர்." அவரும் "கடந்த 2 மாதமாகப் பசியின்மை" என்று எழுதிடுவார்.

இப்போ கம்பெனி பக்கம் இருந்து பாருங்க. பாலிசி எடுத்து 45 நாள்தான் ஆகுது. பேப்பர்படி நோய் 2 மாசமா இருக்கு. அப்போ இது பாலிசிக்கு முன்னாடியே இருந்த நோய். கிளைம் ரிஜெக்ட். உண்மையில் நடந்தது என்ன? நாய்க்கு ரெண்டு மாசம் முன்னாடி ஒருநாள் வயிறு சரியில்லை, அது சரியாயிடுச்சு. இப்போ வந்தது உண்ணிக் காய்ச்சல், நாலு நாளாத்தான். ரெண்டையும் நாம ஒரே வாக்கியத்தில் சொல்லிட்டோம்.

அதனால தேதியோட சொல்லுங்க. "திங்கள்கிழமை ராத்திரி முதல் சாப்பிடலை. செவ்வாய்க்கிழமை காய்ச்சல்." கிளம்பும் முன்னாடி கேஸ் ஷீட்டை வாங்கிப் படிங்க. தப்பா எழுதியிருந்தா அப்பவே பணிவா சொல்லித் திருத்தச் சொல்லுங்க.

இதைத் தப்பா புரிஞ்சுக்க வேண்டாம். உண்மையிலேயே ரெண்டு மாசமா இருக்கிற நோயை நாலு நாள்னு எழுதச் சொல்றது மோசடி. கண்டுபிடிச்சா அந்த கிளைம் மட்டுமில்லை, பாலிசியே போயிடும். டாக்டருக்கும் சிக்கல்.

இதே இடத்தில்தான் வெயிட்டிங் பீரியடும் வருது. பாலிசி தொடங்கி இத்தனை நாள் வரை நோய்களுக்கு கிளைம் கிடையாது என்ற விதி அது. எத்தனை நாள் என்பது பாலிசிக்குப் பாலிசி மாறும். உங்க பாலிசியில் உள்ள நாளைப் பார்த்து, அது முடியும் தேதியைக் காலண்டரில் குறிச்சு வைங்க.

கிளினிக்கை விட்டுக் கிளம்பும் முன்னாடி

* கம்பெனிக்குத் தகவல் சொல்லியாச்சா? பாலிசியில் கெடு இருக்கும். ஆப்பிலோ மெயிலிலோ சொல்லி, கிளைம் எண்ணை வாங்கி வைங்க. போனில் மட்டும் சொன்னா ஆதாரம் இருக்காது.
* பில்லும் மருந்துச் சீட்டும் லெட்டர்ஹெட்டில் இருக்கா? டாக்டரின் பேர், கால்நடை மருத்துவ கவுன்சில் பதிவு எண், கையெழுத்து, சீல் வேணும். துண்டுச் சீட்டில் எழுதின மொத்தத் தொகை செல்லாது.
* பில்லில் ஒவ்வொரு செலவும் தனித்தனியா இருக்கா? "சிகிச்சை 46,000" என்று ஒரே வரியில் இருந்தா திரும்பி வரும்.
* ரத்தப் பரிசோதனை, எக்ஸ்ரே, ஸ்கேன் ரிப்போர்ட், டிஸ்சார்ஜ் சம்மரி எல்லாம் கையில் இருக்கா?
* பணம் யுபிஐ அல்லது கார்டில் கட்டினீங்களா? ரொக்கமா கொடுத்தா ரசீது கட்டாயம்.

எல்லாத்தையும் அங்கேயே போட்டோ எடுத்து, மெயிலில் உங்களுக்கே அனுப்பிக்கோங்க.

கைக்கு எவ்வளவு வரும்?

50,000 ரூபாய் கவர் இருக்கு, அதனால 46,000 ரூபாய் பில் முழுசா வந்துடும்னு நினைக்காதீங்க. ஒரு உதாரணக் கணக்கு போடுவோம். நாய் சாக்ஸை முழுங்கிடுச்சு, ஆபரேஷன் பண்ணி எடுத்தாங்க.

ஆபரேஷன், அட்மிஷன்: 30,000
பரிசோதனைகள்: 7,500
மருந்து: 4,500
ஸ்பெஷல் உணவு, சப்ளிமென்ட்: 1,500
ஏற்கெனவே இருந்த தோல் பிரச்சினைக்கான மருந்து: 2,500
மொத்தம்: 46,000

கடைசி ரெண்டும் பொதுவா கிடைக்காது. மிச்சம் 42,000. இந்த பாலிசியில் டிடக்டிபிள் 2,000, கோ-பே 20 சதவீதம்னு வச்சுக்கோங்க. 2,000 கழிச்சா 40,000. அதில் 20 சதவீதம், அதாவது 8,000 உங்க பங்கு. கைக்கு வருவது 32,000. உங்க பாக்கெட்டிலிருந்து போனது 14,000.

சில பாலிசிகளில் கோ-பேயை முதலில் கழிப்பாங்க. அப்போ 33,600 ஆகும், அதில் 2,000 போனா 31,600. வரிசை மாறினாலே 400 ரூபாய் வித்தியாசம். இது போக ஆபரேஷனுக்கு இவ்வளவுதான், மருந்துக்கு இவ்வளவுதான்னு தனி உச்சவரம்பும் இருக்கலாம். பாலிசி வாங்கும் முன்னாடியே இந்தக் கணக்கைப் போட்டுப் பாருங்க. பிரீமியம் குறைவா இருக்கிற பாலிசியில் கோ-பே அதிகமா இருக்கான்னு அப்போ தெரிஞ்சுடும்.

சொல்லக் கஷ்டமா இருந்தாலும் சொல்ல வேண்டியது

சில பாலிசிகளில் இறப்பு, தொலைந்து போதல், மத்தவங்களை நாய் கடிச்சா வர்ற இழப்பீடு, இவற்றுக்கும் கவர் உண்டு. இந்த மூணிலும் அவசரப்பட்டா கிளைம் போயிடும்.

நாய் இறந்துட்டா, புதைப்பதற்கோ தகனம் செய்வதற்கோ முன்னாடி கம்பெனிக்குத் தகவல் கொடுங்க. டாக்டரின் இறப்புச் சான்று வேணும், பிரேதப் பரிசோதனையும் கேட்கலாம். அந்த நேரத்தில் இதையெல்லாம் யோசிக்க மனசு வராது. அதனால இப்பவே வீட்ல இன்னொருத்தர்கிட்ட இதைச் சொல்லி வைங்க.

தொலைஞ்சுட்டா, போலீஸ் ஸ்டேஷனில் புகார் கொடுத்து சிஎஸ்ஆர் ரசீதாவது வாங்குங்க. தேடினதுக்கான ஆதாரமும் வச்சுக்கோங்க.

பக்கத்து வீட்டுக்காரரைக் கடிச்சுட்டா, முதலில் அவரை ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போய் ரேபிஸ் ஊசி போட வைங்க. இழப்பீட்டுத் தொகையை மட்டும் கம்பெனியைக் கேட்காம நீங்களா பேசி முடிக்காதீங்க.

ரிஜெக்ட் ஆயிடுச்சா?

முதலில் காரணத்தை எழுத்தில் வாங்குங்க, பாலிசியின் எந்த ஷரத்துப்படி என்பதோட சேர்த்து. "பாலிசி விதிகளின்படி இல்லை" என்ற பொத்தாம் பொதுவான பதிலை ஏத்துக்க வேண்டாம்.

ஆவணம் குறைவுன்னு சொன்னா, 2024-ல் ஐஆர்டிஏஐ வெளியிட்ட பொதுக் காப்பீட்டு மாஸ்டர் சர்க்குலர் உங்க பக்கம் இருக்கு. ஆவணம் இல்லை என்பதற்காக மட்டும் கிளைமை நிராகரிக்கக் கூடாதுன்னு அது சொல்லுது. தாமதம்னு சொன்னா, தவிர்க்க முடியாத காரணம் இருந்தா தாமதத்தை மட்டும் வச்சு நியாயமான கிளைமைத் தள்ளக் கூடாதுன்னு 2011-லேயே ஆணையம் சுற்றறிக்கை அனுப்பியிருக்கு. "முன்பே இருந்த நோய்"னு சொன்னா, நோய் எப்போ தொடங்கியதுன்னு டாக்டரிடம் சான்று வாங்கி, பழைய ரெக்கார்டோட மேல்முறையீடு பண்ணுங்க.

படிகள் இவைதான்:

1. கம்பெனியின் குறைதீர்ப்பு அதிகாரிக்கு மெயில்.
2. பதில் திருப்தி இல்லைன்னா ஐஆர்டிஏஐயின் பீமா பரோசா தளத்தில் புகார். 155255 என்ற இலவச எண்ணிலும் சொல்லலாம்.
3. கம்பெனி மறுத்தாலோ, ஒரு மாசத்தில் பதிலே வரலைன்னாலோ, காப்பீட்டுக் குறைதீர்ப்பாளர். தமிழ்நாட்டுக்குச் சென்னை அலுவலகம். கட்டணம் இல்லை, வக்கீல் வேண்டாம். 50 லட்சம் ரூபாய் வரையுள்ள புகார்களை எடுத்துக்குவாங்க. கம்பெனி மறுத்ததிலிருந்து ஒரு வருஷத்துக்குள் போகணும்.

14,000 ரூபாய் கிளைமுக்கு இவ்வளவு அலையணுமான்னு தோணலாம். நிறைய பேர் முதல் படியைக்கூட ஏறாம விட்டுடறாங்க. ஒரு மெயில் அனுப்ப அரை மணி நேரம்தான் ஆகும்.

ஏற்கெனவே பாலிசி இருக்கிறவங்க இன்னைக்கே அந்த பிடிஎஃபைத் திறந்து நாலு விஷயத்தைப் பாருங்க: நாயின் பேரும் வயசும் சரியா இருக்கா, வெயிட்டிங் பீரியட் எப்போ முடியுது, கோ-பே எவ்வளவு, தகவல் சொல்ல எத்தனை மணி நேரம். ஏதாவது தப்பா இருந்தா இப்பவே மெயில் போட்டுத் திருத்துங்க. நாய் நல்லா வாலாட்டிக்கிட்டு இருக்கும்போது இது ஒரு மெயில் வேலை. அட்மிட் ஆன பிறகு அதுவே தகராறு ஆயிடும்.